முகத்துக்கு எவ்வளவு வெளிச்சம்?

கேமரன் மலைக்குப் போய்வந்தவர்களின் கைப்பேசியில் ஒரே மாதிரியான படம் ஒன்று கட்டாயம் இருக்கும். பிரிஞ்சாங்குக்கு மேலே, சுங்கை பாலாஸ் தேயிலைத் தோட்டத்துக்குப் போகும் ஒடுங்கிய சாலையில் வண்டியை ஓரங்கட்டிவிட்டு எடுத்தது. வரிவரியாகப் பச்சைச் சரிவு, அதற்கு மேல் வெள்ளை மூடுபனி, நடுவில் கூடை சுமந்த ஓர் உருவம். அந்தப் படத்தை இரண்டு விரலால் பெரிதாக்கிப் பாருங்கள். தேயிலைச் செடி இலை இலையாகத் தெரியும். கூடை சுமந்தவரின் கண் எது, மூக்கு எது என்று தெரியாது.

எடுத்தவர் மீது குற்றமில்லை. கேமராவின் கணக்கு அப்படி. அதற்குள் இருக்கும் ஒளிமானி, எதிரிலுள்ள காட்சியிலிருந்து வரும் வெளிச்சத்தை அளந்து, அதை நடுத்தரச் சாம்பல் நிறத்துக்குக் கொண்டுவரப் பார்க்கிறது. தன்மேல் விழும் ஒளியில் சுமார் 18 விழுக்காட்டைத் திருப்பி அனுப்பும் சாம்பல் அட்டைதான் புகைப்படக்காரர்கள் நெடுங்காலமாகக் கையாளும் அளவுகோல். மூடுபனியோ அதைவிடப் பல மடங்கு பிரகாசம். வெளிச்சம் மிஞ்சிவிட்டது என்று கேமரா முடிவு கட்டி, உள்ளே விடும் ஒளியைக் குறைத்துவிடுகிறது. குறைப்பு எல்லாருக்கும் ஒரே அளவுதான். இழப்பு ஒரே அளவு இல்லை. வெளிர்ந்த தோல் தன்மேல் படும் ஒளியில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கைத் திருப்பி அனுப்பும். நன்றாகக் கருத்த தோல் பத்தில் ஒரு பங்கையோ அதற்கும் குறைவாகவோ அனுப்பும். முன்னது இந்தக் குறைப்பைத் தாங்கிக்கொள்ளும். பின்னது நிழலோடு நிழலாகிவிடும்.

கருத்த தோல் படத்துக்கு ஏற்றதல்ல என்று இதற்குப் பொருளில்லை. தோலின் மேற்பரப்பிலேயே பட்டுத் தெறிக்கும் ஒளி எந்த நிறத்தவருக்கும் ஏறத்தாழ ஒன்றுதான். நூற்றில் நான்கைந்து பங்கு. மீதி ஒளி தோலுக்குள் இறங்குகிறது. உள்ளே மெலனின் நிறைந்திருந்தால் அதில் பெரும்பகுதி உறிஞ்சப்படுகிறது. ஆகவே கருத்த முகத்திலிருந்து கேமராவுக்கு வந்து சேரும் ஒளியில் மேற்பரப்பின் மினுமினுப்புக்குப் பங்கு அதிகம். பக்கவாட்டிலிருந்து மென்மையான வெளிச்சம் கிடைத்தால் போதும், நெற்றியும் கன்ன எலும்பும் தாடையும் அவ்வளவு தெளிவாக எழுந்து நிற்கும். தேவை ஒன்றே ஒன்று: முகத்தை அளந்து எடுக்க வேண்டும். கைப்பேசித் திரையில் முகத்தின்மேல் விரலை வைத்து வெளிச்சத்தை ஒரு படி ஏற்றினால் முகம் வந்துவிடும். மூடுபனி வெறும் வெள்ளையாகிப் போகும். இரண்டில் எதை விட்டுக்கொடுப்பது என்பதை எடுப்பவர்தான் முடிவு செய்கிறார்.

நிறப் பிரிவினைக்கு எதிராகக் கேமராவைத் தூக்கியவர்களின் வரலாறு முழுவதும் இந்த ஒரு முடிவில் அடங்கியிருக்கிறது. அவர்கள் அநீதியைப் படம் பிடிப்பதற்கு முன், படம் பிடிக்கும் கருவிக்குள்ளேயே இருந்த அநீதியைத் தாண்ட வேண்டியிருந்தது.

புகைப்படம் பிறந்து முப்பதே ஆண்டுகளில் அது மனிதரை இனம் பிரிக்கும் கருவியாகிவிட்டது. 1869இல் லண்டனில் ஜான் லாம்ப்ரே என்பவர் மனித உடலைப் படத்தின் வழியே அளக்க ஒரு முறையை வெளியிட்டார். மரச்சட்டத்தில் இரண்டு அங்குலத்துக்கு ஒன்றாகப் பட்டு நூலைக் குறுக்கும் நெடுக்கும் கட்டி, அதன் முன் ஆளை ஆடையின்றி நிறுத்தி, நேராகவும் பக்கவாட்டாகவும் எடுப்பது. கட்டங்களை எண்ணினால் ஓர் இனத்தை இன்னோர் இனத்தோடு ஒப்பிடலாம் என்பது அன்றைய அறிவியலின் நம்பிக்கை. அந்த வரிசையில் மிகப் பரவலாக அறியப்பட்ட படங்களில் ஒன்று, மலாய்த் தீவுக்கூட்டத்தைச் சேர்ந்தவர் என்று குறிக்கப்பட்ட ஒருவருடையது. அவர் பெயர் என்ன என்று படக்குறிப்பு சொல்லவில்லை. இந்தப் பக்கம் சென்னையில், அரசு அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன் தென்னிந்திய மக்களின் மண்டையையும் மூக்கையும் இடுக்கியால் அளந்து, படமெடுத்து, சாதிவாரியாக அடுக்கினார். 1909இல் அது ஏழு தொகுதிகளாக வெளிவந்தது. சிங்கப்பூரில் ஜி.ஆர். லாம்பர்ட் நிறுவனம் போன்ற படக்கூடங்கள் மலாய்க்காரர், சீனர், தமிழர் என்று இன மாதிரிகளாக மக்களை எடுத்து விற்றன. ஊருக்கு அனுப்பும் அஞ்சலட்டையில் தமிழ்க் கூலி என்று அச்சடித்திருக்கும். ஆளின் பெயர் இருக்காது.

மலாயாவில் அந்தப் பிரிப்பு படத்தோடு நிற்கவில்லை. கேமரன் மலைக்கு அந்தப் பெயர் வந்தது 1885இல் அதை அளக்க வந்த வில்லியம் கேமரனால். 1929இல் ஜே.ஏ. ரஸ்ஸல் அங்கே 'போ' (BOH) தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். கோவேறு கழுதைகளும் ஒரே ஒரு நீராவி உருளை வண்டியும் துணையாக இருக்க, அந்தச் செங்குத்தான காட்டை வெட்டித் திருத்தியது தொழிலாளர்களின் கை. கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,500 மீட்டர் உயரத்தில் இருந்த குளிர், வெள்ளையருக்கு ஓய்வு. அதே குளிர் கொழுந்து பறிப்பவருக்கு விடியற்காலையில் ஆள்கணக்கு எடுக்கும் பிரட்டு. மேட்டில் துரை பங்களா, அதற்குக் கீழே கிராணி (எழுத்தர்) வீடு, அதற்கும் கீழே தொழிலாளர் லயம்: தோட்டத்தின் வரைபடமே யார் எங்கே என்று சொல்லிவிடும்.

தென்னாப்பிரிக்காவில் இருந்த அளவுக்கு இங்கே சட்டமாக எழுதிய நிறப் பிரிவினை இல்லை. ஆனால் வேலை, கூலி, குடியிருப்பு எல்லாம் இனவாரியாகப் பிரிந்திருந்தன. 1941இல் கிள்ளான் வட்டாரத்து ரப்பர் தோட்டங்களில் தமிழ்த் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது வைத்த கோரிக்கைகளில் சீனத் தொழிலாளருக்குச் சமமான கூலி இருந்தது. கள்ளுக்கடையை மூட வேண்டும் என்பது இருந்தது. தோட்டப் பெண்களைத் தொல்லை செய்வதை நிறுத்த வேண்டும் என்பது இருந்தது. துரையோ அலுவலரோ எதிரே வந்தால் சைக்கிளிலிருந்து இறங்கித் தள்ளிக்கொண்டு போகும் கட்டாயம் ஒழிய வேண்டும் என்பதும் இருந்தது. தலைவர் ஆர்.எச். நாதனைக் கைது செய்து நாடு கடத்தினார்கள், படையை இறக்கினார்கள், தொழிலாளர்கள் சுடப்பட்டு இறந்தார்கள். சைக்கிளை விட்டு இறங்கி நின்ற அந்த மனிதரின் பக்கத்திலிருந்து எடுத்த படம் நம் கண்ணில் படுவதே இல்லை. கேமரா துரை பக்கம் இருந்தது.

தேயிலைக்காகப் படமே எடுத்தார்கள். 1934இல் இலங்கைத் தேயிலைப் பிரச்சார வாரியத்தின் பணத்தில் பேசில் ரைட் எடுத்த 'சாங் ஆஃப் சிலோன்' ஆவணப்பட உலகில் இன்றும் கொண்டாடப்படுகிறது. ஒளியும் ஒலியும் அதில் அவ்வளவு அழகு. ஆனால் அந்தத் தேயிலையைப் பறித்த மலையகத் தமிழரின் வாழ்க்கையைத் தெரிந்துகொள்ள அந்தப் படத்துக்குப் போனால் வெறுங்கையோடுதான் திரும்ப வேண்டும்.

இனி வண்ணப்படத்தின் வேதியியலுக்கு வருவோம். வண்ணப் படச்சுருளில் ஒன்றன்மேல் ஒன்றாக மூன்று படலங்கள் உண்டு. ஒன்று நீல ஒளியை உணரும், அடுத்தது பச்சையை, மற்றது சிவப்பை. கழுவும்போது அவற்றில் மஞ்சள், கருஞ்சிவப்பு, வெளிர்நீலம் ஆகிய சாயங்கள் உருவாகின்றன. இந்த மூன்றும் எந்த விகிதத்தில் கலந்தால் நிறம் சரி என்பதை இயற்கை தீர்மானிப்பதில்லை. தயாரிப்பாளர் தீர்மானிக்கிறார். 1950கள் முதல் கோடாக் நிறுவனம் படக்கூடங்களுக்கு ஓர் அட்டையை அனுப்பியது. அதில் வெள்ளைக்காரப் பெண் ஒருவரின் படம். முதல் அட்டையில் இருந்தவரின் பெயரால் அதற்கு ஷெர்லி அட்டை என்றே பெயர் நிலைத்தது. அந்தப் பெண்ணின் தோல் சரியாக வரும்வரை எந்திரத்தைத் திருகி வைத்துவிட்டு, எல்லார் படத்தையும் அதே அளவில் அச்சிட்டார்கள். கொழுந்து நிறுக்கும் தராசை முதலிலேயே கோணலாகக் கட்டிவைத்தால், நிறுப்பவர் நல்லவராகவே இருந்தாலும் ஒவ்வொரு கூடையிலும் எடை குறையும். அதுதான் நடந்தது.

கறுப்பினப் பிள்ளைகளும் வெள்ளையினப் பிள்ளைகளும் ஒன்றாகப் படிக்கத் தொடங்கிய காலத்து அமெரிக்க வகுப்புப் படங்களில் இது பளிச்சென்று தெரிந்தது. வெள்ளைப் பிள்ளைக்கு முகம் இருக்கும். பக்கத்தில் நிற்கும் கறுப்புப் பிள்ளைக்குப் பல்லும் கண்ணும் மட்டும் இருக்கும். பள்ளிக்கூடத்தில் சட்டம் நீக்கிய பிரிவினையைப் படச்சுருள் மறுபடி கொண்டுவந்துவிட்டது. கனடாவின் கான்கார்டியா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த லோர்னா ராத் இந்த வரலாற்றைத் தோண்டி 2009இல் எழுதினார். கோடாக்கின் பழைய ஊழியர்கள் அவரிடம் சொன்ன செய்தி நெஞ்சைச் சுடுகிறது. பழுப்பு நிறத்தின் நுட்பங்கள் பதிவாக வேண்டும் என்று நிறுவனத்தை நெருக்கியவர்களில் முக்கியமானவர்கள் சாக்லேட் தயாரிப்பாளர்களும் மரச்சாமான் வியாபாரிகளுமாம். சாக்லேட்டுக்காகவும் தேக்குக்காகவும் திருத்தப்பட்ட சுருளில்தான் மனிதர் முகமும் மெல்லத் தெளிந்தது.

அந்தக் கோணல் தராசையும் கையில் வைத்துக்கொண்டு நியாயமாக நிறுத்துக் காட்டியவர்கள் இருந்தார்கள். கார்டன் பார்க்ஸ் அவர்களில் முதலில் நினைக்க வேண்டியவர். அமெரிக்கக் கறுப்பினத்தவர், கேமராவைத் தன் ஆயுதம் என்று அறிவித்தவர். 1956இல் 'லைஃப்' இதழுக்காக அலபாமாவின் பிரிவினையை அவர் வண்ணத்தில் எடுத்தார். நிறத்தவருக்குத் தனி வாசல், தனிக் குடிநீர்க் குழாய் என்று அறிவிப்புப் பலகைகள். அவற்றின் கீழே ஞாயிற்றுக்கிழமை உடுப்பில், தலை நிமிர்ந்து நிற்கும் ஒரு பெண்ணும் சிறுமியும். அடிதடி இல்லை, இரத்தம் இல்லை. முகங்களை அளந்து எடுத்திருந்தார். பார்ப்பவர் முதலில் மனிதரைக் கண்டு, பிறகு பலகையைப் படித்தார். அதனால்தான் அந்தப் பலகை எவ்வளவு கேவலமானது என்று புரிந்தது. திரையிலும் இதே வேலை நடந்தது. 1967இல் 'இன் தி ஹீட் ஆஃப் தி நைட்' படத்தில் ஒளிப்பதிவாளர் ஹாஸ்கெல் வெக்ஸ்லர், சிட்னி பாய்ட்டியரின் தோலுக்கு ஏற்ப விளக்குகளை அமைத்தார். ஹாலிவுட்டின் பெரிய வண்ணப் படம் ஒன்றில் கறுப்பின நடிகருக்காகவே ஒளி திட்டமிடப்பட்டதற்கு இதைத்தான் எடுத்துக்காட்டுகிறார்கள்.

தென்னாப்பிரிக்காவில் விலை இன்னும் அதிகம். 1860 நவம்பர் 16 அன்று சென்னையிலிருந்து 'ட்ரூரோ' கப்பல் டர்பனில் கரும்புத் தோட்டக் கூலிகளை இறக்கியது முதல் தமிழர் வாழும் நாடு அது. 1950இல் வந்த குழுப் பகுதிகள் சட்டம் ஒவ்வொரு நிறத்துக்கும் ஒரு பேட்டை என்று வகுத்து, டர்பனின் கேட்டோ மேனரிலிருந்து இந்தியக் குடும்பங்களையும் பெயர்த்தெறிந்தது. கறுப்பினத்தவர் பதினாறு வயது முதல் தம் படம் ஒட்டிய அனுமதிப் புத்தகத்தை எந்நேரமும் சுமக்க வேண்டியிருந்தது. எர்னெஸ்ட் கோல் என்ற இளைஞர் தன் பெயரை மாற்றி, கலப்பினத்தவர் என்று மறுபதிவு பெற்று, அதனால் கிடைத்த கொஞ்ச நடமாட்டச் சுதந்திரத்தைக் கொண்டு நாடெங்கும் படம் எடுத்தார். சாப்பாட்டுப் பையில் கேமராவை ஒளித்துச் சுரங்கத்துக்குள் கொண்டுபோனார். மருத்துவச் சோதனை என்ற பெயரில் தொழிலாளர்களை நிர்வாணமாகச் சுவரைப் பார்த்து வரிசையில் நிறுத்தியிருந்ததைப் பதிவு செய்தார். நாட்டை விட்டு வெளியேறி 1967இல் நியூயார்க்கில் 'ஹவுஸ் ஆஃப் பாண்டேஜ்' என்ற நூலாக வெளியிட்டார். அவர் நாடு அந்த நூலைத் தடை செய்தது. கோல் 1990இல் நாடு திரும்பாமலே இறந்தார். டர்பனில் இந்திய வம்சாவளியினரான ஒமர் பாட்ஷா தம் படத்தொகுப்பு தடைசெய்யப்பட்ட பிறகும் ஓயாமல், 1982இல் தோழர்களோடு 'ஆஃப்ராபிக்ஸ்' என்ற புகைப்படக் கூட்டமைப்பைத் தொடங்கினார். எல்லா நிறத்தவரும் சேர்ந்து வேலை செய்த அமைப்பு அது. அதுவே ஒரு போராட்டம்.

அதே ஆட்சிக்குக் கேமரா விற்றவர்களும் உண்டு. அனுமதிப் புத்தகத்துக்கான உடனடிப் படங்களை எடுக்கப் பயன்பட்டது போலராய்டு நிறுவனத்தின் ஐடி-2 கேமரா. கருத்த முகம் தெளிவாகப் பதிவாக, ஒளிவீச்சைக் கூட்ட அதில் தனிப் பொத்தானே வைத்திருந்தார்கள். கருத்த தோலுக்கு எவ்வளவு ஒளி வேண்டும் என்பது அவர்களுக்குத் தெரியாமல் இல்லை. கண்காணிப்புக்கு அந்த அறிவு கைகொடுத்தது; குடும்பப் படத்துக்கு வரவில்லை. 1970இல் அமெரிக்காவில் அந்த நிறுவனத்தின் வேதியியலாளர் கரோலின் ஹன்டரும் புகைப்படக்காரர் கென் வில்லியம்ஸும் இந்த வியாபாரத்தைக் கண்டுபிடித்து, தாங்கள் வேலை செய்த நிறுவனத்துக்கு எதிராகவே புறக்கணிப்பு இயக்கம் தொடங்கினார்கள். இருவருக்கும் வேலை போனது. ஏழாண்டுகள் விடவில்லை. 1977இல் போலராய்டு தென்னாப்பிரிக்காவை விட்டு வெளியேறியது.

மலேசியாவில் கேமரா தோட்டத்து மக்களின் கைக்கு வரத் தாமதமானது. வந்தபோது படம் மாறியது. 2005இல் தீபக் குமாரன் மேனன் 'செம்மண் சாலை' எடுத்தார். 1960களின் ரப்பர் தோட்டம், மேற்படிப்புக்கு ஏங்கும் ஒரு பெண், லயத்தின் அன்றாடம். வெளியூர்க் கண் தேடும் அழகுக் காட்சியாக இல்லாமல், உள்ளே வாழ்கிறவர் பார்க்கும் இடமாக அதில் தோட்டம் இருந்தது. 2015இல் சஞ்சய் குமார் பெருமாள் 'ஜகாட்' எடுத்தார். தோட்டங்கள் துண்டாடப்பட்டு, லயத்தை விட்டுப் புறம்போக்குக் குடியிருப்புக்குத் தள்ளப்பட்ட குடும்பத்தில், அப்போய் என்ற புத்திசாலிச் சிறுவன் எப்படி வழிதவறுகிறான் என்பதே கதை. இந்திய இளைஞர் என்றாலே குண்டர் கும்பல் என்று செய்தித்தாள் எழுதிவந்த நாட்டில், அந்த இளைஞர் எங்கிருந்து வந்தார் என்று அது கேட்டது.

அடுத்த ஆண்டு நடந்ததை ஒவ்வொரு தமிழரும் தெரிந்துகொள்ள வேண்டும். 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படத்துக்கான போட்டியை மொழிவாரியாகப் பிரித்திருந்தார்கள். மலாய் மொழிப் படங்கள் ஒரு வரிசை, மற்றவை தனி வரிசை. சொந்த நாட்டில், சொந்த மண்ணைப் பற்றி எடுத்த 'ஜகாட்' தனி வரிசைக்குப் போனது. அந்த நாடே ரசித்த 'ஓலா போலா'வும் போனது. எதிர்ப்பு முதலில் திரைத்துறைக்குள்ளேயே எழுந்தது. மலாய்க்கார ஒளிப்பதிவாளர் முகமட் நூர் காசிம் தாம் வாங்கிய விருதுகளைத் திருப்பிக் கொடுத்தார். நடிகர் அஃப்டலின் ஷௌகி விழாவைப் புறக்கணிப்பதாக அறிவித்தார். கடைசியில் தலையாய விருதுக்கு மொழி தடையில்லை என்று அமைப்பாளர்கள் விதியை மாற்றினார்கள். செப்டம்பர் 2016இல் அந்த விருதை வென்றது 'ஜகாட்'. அதே ஆண்டு ஜூலையில் பா. ரஞ்சித்தின் 'கபாலி' மலேசியத் தோட்டத் தமிழரின் கூலிப் போராட்டத்தை உலகத் திரையரங்குகளுக்குக் கொண்டுபோயிருந்தது.

ஒரு படம் மட்டும் எந்தப் பிரிவினையையும் ஒழித்ததில்லை. கோலின் படங்கள் வெளிவந்து கால் நூற்றாண்டுக்கு மேல் ஆன பிறகுதான் தென்னாப்பிரிக்கா விடுதலை பெற்றது. சங்கமும் வேலைநிறுத்தமும் புறக்கணிப்பும் வாக்கும் சேர்ந்துதான் அதைச் செய்தன. படம் செய்வது அதற்கு முந்திய வேலை. இப்படி எதுவும் நடக்கவில்லை என்று சொல்ல முடியாமல் ஆக்குகிறது. இதில் பாதிக்கப்பட்டவர் நம்மைப் போன்ற ஒருவர் என்பதை முகத்தோடு காட்டுகிறது.

கருவியின் அளவுகோல் இன்னும் நேராகவில்லை. 2018இல் எம்ஐடியின் ஜாய் புவோலம்வினி, டிம்னிட் கெப்ருவோடு சேர்ந்து, முகத்தைப் பார்த்து ஆணா பெண்ணா என்று சொல்லும் மூன்று வணிகக் கணினி நிரல்களைச் சோதித்தார். வெளிர்நிற ஆண்களிடம் பிழை 0.8 விழுக்காட்டைத் தாண்டவில்லை. கருநிறப் பெண்களிடம் அது 34.7 விழுக்காடு வரை போனது. பயிற்சிக்குக் கொடுத்த படங்களில் எந்த முகங்கள் அதிகமோ அவற்றையே எந்திரம் நன்றாகக் கற்கிறது. பழைய ஷெர்லி அட்டையின் வேலையை இன்று தரவுத் தொகுப்பு செய்கிறது. அந்த ஆய்வும் அதன்பின் எழுந்த விவாதமும் நிறுவனங்களைத் திருத்தத்துக்குத் தள்ளின. கைப்பேசிக் கேமராக்களில் கருத்த தோலுக்கான சீரமைப்பு 2021 முதல் விளம்பரத்துக்குரிய சிறப்பாகவே மாறியிருக்கிறது. கேட்டால்தான் கிடைக்கிறது என்பதற்கு இதுவும் சாட்சி.

கேமரன் மலையில் இன்று கொழுந்து வெட்டுபவர்களில் பெரும்பாலோர் வங்கதேசத்திலிருந்தும் நேப்பாளத்திலிருந்தும் இந்தோனேசியாவிலிருந்தும் வந்தவர்கள். சரிவு கடுமையான இடங்களில் கைப்பறிப்பு, மற்ற இடங்களில் கத்தரியும் இயந்திரமும். தமிழ்க் குடும்பங்கள் பலவும் காய்கறித் தோட்டங்களுக்கும் நகரங்களுக்கும் நகர்ந்துவிட்டன. நம் பாட்டன் பாட்டியை ஒரு காலத்தில் பெயரில்லாத உருவமாக எடுத்துத் தள்ளியதைத் தவறு என்று சொல்லும் நாம், இன்று அந்தச் சரிவில் நிற்கும் வங்கதேசத்து இளைஞரை அதே மாதிரி எடுத்துவிட்டு வரக் கூடாது. அனுமதி கேளுங்கள், பெயர் கேளுங்கள், முகத்துக்கு வெளிச்சம் கொடுங்கள்.

வீட்டிலும் ஒரு வேலை காத்திருக்கிறது. தோட்டத்துத் திருவிழா, தமிழ்ப்பள்ளி ஆண்டு விழா, லயத்து வாசலில் நடந்த கல்யாணம் என்று பழைய படங்கள் அலமாரியில் கிடக்கும். அவற்றை வெளியே எடுங்கள். வீட்டுப் பெரியவரை உட்காரவைத்து, இது யார், எந்தத் தோட்டம், எந்த வருடம் என்று கேட்டு, பின்பக்கம் பென்சிலால் எழுதுங்கள். நகல் எடுத்து ஒரு பிரதியைப் பக்கத்துத் தமிழ்ப்பள்ளிக்கோ நூலகத்துக்கோ கொடுங்கள். சொல்லத் தெரிந்தவர்கள் இருக்கும்போதே எழுதிவிட வேண்டும். இந்தத் தீபாவளிக்கு எல்லாரும் கூடும்போதே தொடங்கிவிடுங்கள்.